ஏழு தட்டு யாருடையது

மார்ச் 3, செவ்வாய்
காலை முழுதும் தூறல். துணி காயவில்லை. இணையக் கலைக்களஞ்சியத்தில் (இனி க.க.) ‘நாற்பதாம் நிரை’ இசைத்தட்டின் கட்டுரை. நான்கே பத்தி. எங்கள் மலேசிய ரப்பர் தோட்டத்துப் பையன்கள் ஐவர் எழுபதுகளில் போட்ட முற்போக்கு ராக். தமிழில் அப்படி ஒன்று வந்ததே பலருக்குத் தெரியாது. இன்று திருத்தியவை:
– ‘பெரட்டு’ பாடலின் நீளம் 18 நிமிடம் அல்ல, 19.40. கடிகாரம் வைத்து மூன்று முறை கேட்டேன்.
– ஆர்மோனியம் அல்ல, மின் ஆர்கன்.
– தொடக்கத்தில் ஒலிப்பது கோயில் மணி அல்ல. விடியலில் பெரட்டுக்கு, அதாவது வேலைக்கு ஆள் கணக்கெடுக்க, கூப்பிடத் தட்டும் தண்டவாளத் துண்டு. தட்டியவர் பால்மரம் வெட்டிய அஞ்சலை. மூன்று, சிறு நிறுத்தம், நான்கு. தினமும் அவர் தட்டிய அந்த ஏழு தட்டின் மேல்தான் பாட்டு முழுதும் நிற்கிறது.
சேமித்தேன். ஏதும் பிழை இருக்குமோ?

மார்ச் 4, புதன்
அஞ்சலையின் பெயர் நீக்கம். நீக்கியவர் ‘இசைவேட்டை’ என்ற புனைபெயர்க்காரர். காரணம்: இசைத்தட்டின் உறையில் ‘ஏழு தட்டு அமைப்பு: குழுவினர்’ என்றே உள்ளது, உறையே சான்று. விதிப்படி அவர் சொல்வது சரி.
உறை வாசகத்தைத் தட்டச்சு செய்தது நான். தோட்ட ஆபீஸ் மெஷினில்.

மார்ச் 5, வியாழன்
மறக்குமுன் எழுதுகிறேன். அன்று ஒலிப்பதிவு பெரட்டுக் களத்தில், பிற்பகல் மூன்று மணிக்கு. அஞ்சலை தட்டியதும் பெரட்டு என்று நினைத்து லயத்து வீடுகளில் பாதிப் பேர் பால் வாளியோடு ஓடி வந்தார்கள். குளித்துக்கொண்டிருந்தவர் ஈரத்தலையோடு. மானேஜரும் வந்தார். யார் தட்டியது என்று கேட்டார். பக்கத்தில் நின்றிருந்த நான், தோட்டக் கணக்கு எழுதும் கிராணி, தெரியாது என்றேன். பிறகு உறைக்கு வாசகம் எழுதும்போது, பெயர் அச்சில் வந்தால் அஞ்சலைக்கு வேலை போய்விடும் என்று பையன்களிடம் சொன்னேன். என் வேலையும் போகும் என்பதைச் சொல்லவில்லை.
மகள், சுங்கை காடுட் தொழிற்சாலையில் ஷிப்ட் முடிந்து வந்தவள்: “யாருப்பா அதைப் படிக்கப் போறா? விடுங்க லா.”

மார்ச் 7, சனி
பஸ்ஸில் அம்பாங்கான் போனேன். அஞ்சலை இப்போது அங்கே தன் பேத்தி வீட்டில். காது நன்றாகக் கேட்கிறது. எல்லாம் சொன்னேன். வெங்காயம் உரிப்பதை நிறுத்தவில்லை.
“தெரியும் கிராணி. அப்பவே உறையப் படிச்சுக் காட்டச் சொன்னேன். எம்பேரு இல்ல. யாரு மெஷினுல அடிச்சதுன்னும் தெரியும்.”
மன்னிப்புக் கேட்கத் தொடங்கினேன். கையமர்த்தினார்.
“பேரு போடுறதுன்னா, ஏன் விட்டுப்போச்சுன்னும் சேத்துப் போடு. மானேஜர் தொரையும் போயிட்டாரு, தோட்டத்த அழிச்சு வீடு கட்டித் தாமான் ஆயிருச்சு. இன்னும் யாருக்குப் பயப்படுற?”
இத்தனை வருடத்தில் முதன்முறை என்னை ஒருமையில். நியாயம்தான்.
வரும்போது ஒரு பை பலகாரம் கொடுத்தார். வாங்கிக்கொள்ளத் தகுதி உண்டா என்று பஸ் முழுதும் யோசனை.

மார்ச் 8, ஞாயிறு
நாளிதழுக்கு வாசகர் கடிதம். முதல் படி: ‘சூழ்நிலை காரணமாக...’ கிழித்தேன். இரண்டாவது: ‘பெயர் விடுபட்டது.’ தானாக விடுபட்டதா? கிழித்தேன். நான்காவது: ‘பயத்தால் நான் அவர் பெயரை நீக்கினேன்.’ கீழே முழுப்பெயர், பழைய பதவி. தபால் பெட்டியில் போட்டேன்.

மார்ச் 15, ஞாயிறு
கொளுத்தும் வெயில். கடிதம் அச்சில், ஒரு சொல் குறையாமல். க.க.வில் அஞ்சலையைச் சேர்த்தேன். சான்று: நாளிதழ், தேதி, பக்கம்.
மளிகைக் கடையில் அரிசி மூட்டைக்கு அந்தப் பக்கம் யாரோ: “நம்ம கிராணியாரா எழுதுனாரு? அவருக்குச் சத்தமே வராதே.”
பால்மாவு வாங்க மறந்து திரும்பினேன்.

மார்ச் 16, திங்கள்
மீண்டும் நீக்கம். இசைவேட்டை: ‘வாசகர் கடிதம் தனிநபர் கருத்து. இனியும் சேர்த்தால் உங்கள் கணக்கு முடக்கப்படும்.’
விதியை இரண்டு முறை படித்தேன். முடக்க அவர்களுக்கு உரிமை உண்டு. அன்று மானேஜர் முன் நின்றது நினைவுக்கு வந்தது.
பேச்சுப் பக்கத்தில் பதில்: ‘நீங்கள் சான்றாகக் காட்டும் உறையைத் தட்டச்சு செய்தவன் நான். அந்த வரி பொய். முடக்குவதானால் முடக்குங்கள்.’ புனைபெயர் போடவில்லை. சொந்தப் பெயர்.
மாலை 4.10. அஞ்சலையின் பெயரை மறுபடி சேர்த்தேன். இம்முறை கட்டுரையின் முதல் வாக்கியத்தில்.