ஹெப்பாளில் நாலாயிரம், ராமாபுரத்தில் இரண்டாயிரத்து ஐந்நூறு

ஜூன் 10, திங்கள்

இன்று ஒரு திருட்டு வேலை செய்தேன். சனிக்கிழமை மிஞ்சிக் கிடந்த முந்நூறு கிளிப்பை, பம்ப் குழாயைப் பிடிக்கிற தகட்டு வளையம் அது, இன்றைய பெட்டியில் கொட்டி, இன்றைக்கு அடித்ததாகச் சொல்லிவிட்டேன். நாற்பத்தெட்டு வயசு எனக்கு, இந்த ஷெட்டுக்கு மேற்பார்வை. சர்ச்சில் முன் பெஞ்சில் உட்காருகிறவள்.

கொட்டும்போது மெஷினில் உட்காருகிற பசம்மா பார்த்துவிட்டாள். "அக்கா, அது முந்தாநேத்து அடிச்சதுங்க."

"இல்ல, இன்னிக்குத்தான் பொறந்துச்சு. தொட்டில் கட்டு, போ."

எல்லாரும் சிரித்தார்கள். நானும்தான். அப்படியும் இந்த ராமாபுரம் ஷெட்டில் மொத்தம் இரண்டாயிரத்து எண்ணூறு.

மைசூரில், ஹெப்பாள் சந்தில், இதே இரண்டு பிரஸ் மெஷின் நாளைக்கு நாலாயிரம் அடித்தது. மெஷின் அதே. தகடு அதே. நானும் அதே ரோசலின். லாரியில் வரும் வழியில் ஏதாவது கீழே விழுந்துவிட்டதா?

ஜூன் 11

இரண்டாயிரத்து நானூறு. ஒன்றும் விளங்கவில்லை.

ஜூன் 14, வெள்ளி

முதலாளி வாமன் சார் வந்தார். இங்கே வாடகை குறைவு, ஷெட் பெரிசு என்றுதான் மூன்று மாசத்துக்கு முன்னால் எல்லாவற்றையும் பெயர்த்துக்கொண்டு வந்தார். "சார், ராமாபுரம் எங்க ஊரு. எங்க பொம்பளைங்க கை பட்டா நாலாயிரம் என்ன, ஐயாயிரம்" என்று ஊதிவிட்டது யார்? நான்தான். யாராவது கேட்டார்களா? இல்லை.

"ரோசலினம்மா, பம்ப் கம்பெனிக்காரா சொல்லிட்டா. ஜூலை முடியறதுக்குள்ள நாலாயிரம் வரலைன்னா ஆர்டர் வேற ஆளுக்குப் போயிடும். அப்புறம் இந்த ஷெட்டைப் பூட்ட வேண்டியதுதான். இந்த ஊர் பொம்மனாட்டிகளுக்கு வேகம் போறலையோ?"

எனக்குச் சுருக்கென்றது. கைக்கடிகாரத்தைக் கழற்றி அவர் கையில் கொடுத்து, பசம்மாவை மெஷினில் உட்காரச் சொன்னேன். மூன்று நிமிஷத்தில் பதினாறு. நான் உட்கார்ந்தேன். பதினாலு.

அவர் கடிகாரத்தைத் தட்டிப் பார்த்தார். "அப்புறம் ஏன் இப்படி ஆறது?"

அதைத்தான் நானும் கேட்கிறேன்! வேகமாத்தானே அடிக்கிறாளுக. அடிச்சதெல்லாம் எங்க போகுது? எலியா தின்னுது?

ஜூன் 17

ஐந்தாம் வகுப்போடு நின்றவள் நான். கூட்டல் கழித்தல் எனக்கு மாமியார் மாதிரி, பேச்சுவார்த்தை கிடையாது. அதனால் சாக்பீஸ் எடுத்தேன். மெஷின் சும்மா நிற்கும் ஒவ்வொரு பத்து நிமிஷத்துக்கும் சுவரில் ஒரு கோடு. சாயங்காலம் பார்த்தால் சுவர் வரிக்குதிரை மாதிரி இருக்கிறது.

ஜூன் 19, புதன்

தகட்டை வெட்டுகிற அச்சு, டை என்போம், அதன் முனை மழுங்கிவிட்டது. அடித்தால் கிளிப்பின் ஓரம் பல்லிளிக்கிறது. சாணை பிடிக்க இங்கே ஆள் இல்லை. அரிவாள் தீட்டுகிறவர் ஒருவர் இருக்கிறார். அவரிடம் கொடுத்தால் டை அரிவாளாகித்தான் திரும்பும். மைசூர் பஸ் கண்டக்டரிடம் துணியில் சுற்றிக் கொடுத்தனுப்பினேன்.

ஒரு மெஷின் நின்றது. அதில் இருந்த பசம்மா பக்கத்து வீட்டுக் கல்யாணத்துக்குப் பூண்டு உரித்தாள். சுவரில் இருபத்தெட்டு கோடு.

ஜூன் 21

டை வந்தது. அதை இறக்காமல் பஸ் திரும்பி, வந்த வழியில் இருக்கும் ஹனூருக்கே போய்விட்டது. நான் பின்னாலேயே போய், ஒரு டீக்கடையில் பன் டப்பாவுக்குப் பக்கத்தில் கண்டுபிடித்துக் கொண்டுவந்தேன். மாட்டி முடித்தபோது மூன்று மணி. நாலரைக்கு மற்ற மெஷினில் மோட்டார் புகைந்தது. எரிந்த மோட்டாருக்குக் கம்பிச் சுற்று, அதாவது காயில், கட்டுகிறவருக்குப் போன் போட்டால், மைசூரில் இருக்கிறாராம், செவ்வாய்க்கிழமை பார்ப்பாராம்.

பூண்டு தீர்ந்துவிட்டது.

ஜூன் 24, திங்கள்

முதல் டை மறுபடி மழுங்கியது. இந்தத் தடவை நானே மடியில் வைத்துக்கொண்டு மைசூருக்குப் போனேன். ஹெப்பாளில் எங்கள் பழைய சந்து. கேசவமூர்த்தியின் சாணை ஷெட்டில் கொடுத்தேன்.

"பன்னி அக்கா! டீ குடிங்க, முடிஞ்சிரும். அர்த கண்டே, அஷ்டே" என்றார். கன்னடத்தில் 'பன்னி' என்றால் வாங்க; மற்றது, அரை மணி நேரம்தான் என்று அர்த்தம். அவர் பாதித் தமிழ், பாதிக் கன்னடம். எந்தப் பாதி எப்போது வரும் என்று அவருக்கே தெரியாது.

டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்தேன். எதிர் ஷெட்காரர் ஓடிவந்து பெல்ட் ஒன்று கடன் வாங்கிப் போனார். மோட்டார் காயில் கட்டுகிறவர் டீ குடிக்க வந்தார். தம்ளரைக் கீழே வைக்குமுன் இரண்டு பேர் பிடித்து இழுத்துப் போய்விட்டார்கள். "நாளைக்குத் தகடு லோடு லேட்டாம்" என்று யாரோ சொன்னதும், இன்னொருவர் இன்றே போய் வாங்கிவருகிறேன் என்று கிளம்பினார். நான் பேப்பர் ஓரத்தில் கோடு போட ஆரம்பித்தேன். இவர் ஷெட்டுக்கு அவர் ஓடினால் ஒரு கோடு. டை தயாராவதற்குள் பதினேழு.

இருபத்திரண்டு வருஷம் இந்தச் சந்தில் இருந்தேன். நானும் இப்படித்தான் ஓடியிருப்பேன். நாளைக்கு எத்தனை தடவை ஓடினேன் என்று யாராவது கேட்டிருந்தால், "ஓடவே இல்லையே, வேலைதான் செய்தேன்" என்றுதான் சொல்லியிருப்பேன்.

மைசூர் வீட்டுக்குப் போனேன். என் வீட்டுக்காரர் பிரகாசம் நான் சொன்னதைக் கேட்டதும் தலையில் கைவைத்தார். "மூணு மாசம் கழிச்சு மைசூர் வந்திருக்கே. என்னைப் பார்க்காம டீக்கடைல உக்காந்து கோடு போட்டியா?"

"உங்களுக்கும் ஒண்ணு போட்டிருக்கேன், சும்மா நிக்கிற கணக்குல."

ஜூன் 27

வாமன் சாருக்கு இரண்டு கோட்டையும் காட்டினேன், சுவரையும் பேப்பரையும். சுவர்க் கோடுகளை விரல் வைத்து எண்ணினார். "வாடகை, கரண்ட், கூலி எல்லாம் எழுதிப் பார்த்தேன் ரோசலினம்மா. இதை எந்தக் கட்டத்துல எழுதறது?"

எனக்கு எப்படித் தெரியும்? கேசவமூர்த்தியை மெஷினில் ஒரு பாகம் என்று எழுத முடியுமா? நாற்பது அடி தூரத்தில் இருந்தார். இப்போது நாலு மணி நேரத் தூரத்தில் இருக்கிறார். அவ்வளவுதான் மாறியிருக்கிறது.

ஜூலை 1

தூக்கம் பிடிக்கவில்லை. நான் என்ன செய்து வைத்திருக்கிறேன்? "இங்கே ஓடாது" என்று நானே நிரூபித்துவிட்டேன். ஷெட்டைப் பூட்டினால் நான் மைசூருக்குப் போய்விடுவேன், பிரகாசம் இருக்கிறார், வீடு இருக்கிறது. இங்கே வேலை செய்கிற இந்த ஏழு பேர்? அய்யோ, நான் யார் பக்கம்னே தெரியலையே. கோடு போடாம இருந்திருக்கலாம். போடாம இருந்தாலும் ஜூலை முடியத்தானே போகுது? ஆர்டர் போகத்தானே போகுது?

பசம்மாவிடம் சொன்னேன். கிளிப்புக்கு ரப்பர் மாட்டிக்கொண்டே கேட்டாள். பிறகு, "ரப்பர் மாட்டுறது மழுங்குமாங்க்கா?" என்றாள்.

"என்னடி?"

"கிளிப்புக்கு ரப்பர் தொப்பி மாட்டுறமில்லீங்க. அதுக்குக் கைதான. இந்தக் கைக்கு எவன் சாணை புடிக்கணும்?"

நான் அவளைப் பார்த்தேன். ஏழு வகுப்பு படித்தவள். இரண்டு வகுப்பு அதிகம் என்பது இப்படித்தான் தெரியும் போல.

ஜூலை 8, திங்கள்

அவள் சொன்னதை அப்படியே சாரிடம் சொன்னேன், பசம்மா பெயரோடு. சார் முடிவு செய்துவிட்டார்: பிரஸ் இரண்டும் ஹெப்பாளுக்கே திரும்பும். பழைய ஷெட் போய்விட்டது; பக்கத்துச் சந்தில், பாதி அளவில், இரட்டை வாடகையில் ஒன்று கிடைத்திருக்கிறதாம். சொல்லும்போது சாருக்குப் பல் வலிப்பது போல இருந்தது. அடித்த கிளிப் வாரம் இரண்டு லோடு இங்கே வரும். ரப்பர் மாட்டும் வேலை இங்கேயே, ஆறு பேருக்கு.

"ஏழாவது ஆளு?" என்று கேட்டேன்.

"மூணு நிமிஷத்துக்குப் பதினாறு அடிக்கிறவளை விட்டுட்டுப் போவாளா யாராவது?" என்றார் சார்.

ஜூலை 15

பசம்மா மைசூரில் எங்கள் வீட்டு முன்னறையில் தங்கியிருக்கிறாள். பிரகாசம் டி.வி. பார்க்க அனுமதி கேட்க வேண்டியிருக்கிறது. மூவாயிரத்து அறுநூறு.

ஜூலை 29, திங்கள்

பம்ப் கம்பெனி ஆபீசர் எண்ண வந்தார். பதினோரு மணிக்கு டை மழுங்கியது. நான் ஆபீசருக்குப் பெட்டி காட்டிக்கொண்டிருந்ததால் பசம்மா சாணைக்கு ஓடினாள். வழி புதுசு. கேசவமூர்த்தி ஷெட் என்று நினைத்து அதற்கு முந்தின ஷெட்டில் நுழைந்துவிட்டாள். அது ஊதுபத்தி ஷெட். வாசலிலேயே மாவு பிசைந்த தொட்டி. டை உள்ளே போனது. முழங்கை வரை பசம்மாவும் போனாள். துழாவி எடுத்து, துடைத்து, சாணை பிடித்து, நாற்பது நிமிஷத்தில் கொண்டுவந்து மாட்டினாள். மெஷின் சூடேறியதும் சந்தன வாசனை வந்தது. பிறகு அடித்த கிளிப்பெல்லாம் அதே வாசனை.

சாயங்காலம் எண்ணி முடித்தோம். நாலாயிரத்து அறுபது. ஆபீசர் ஒன்றை எடுத்து முகர்ந்தார். இன்னொரு பெட்டியிலிருந்து இன்னொன்றை எடுத்து முகர்ந்தார். அடுத்த வருஷத்து ஆர்டருக்கும் கையெழுத்துப் போட்டார். ஒரு கிளிப்பைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு போனார்.