சிவப்புப் புகைக்குள் போன என் மகளுக்கு

என் கண்ணு ஸ்டெல்லாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். நீ இருந்தவரை உனக்கு நான் கடிதம் எழுதியதே இல்லை. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் பஸ் ஸ்டாப் பக்கத்து எஸ்.டி.டி. பூத்தில் நானும் அம்மாவும் காத்திருப்போம், நீ கூப்பிடுவாய். இப்போது கூப்பிட எண் இல்லை. அதனால்தான் இந்தக் கடிதம். ஊரும் படிக்கட்டும் என்றே எழுதுகிறேன். உன்னைப் பற்றி ஒரு பொய்யை ஊர் நம்பிக்கொண்டிருக்கிறது.

முதலில் செய்தியைச் சொல்லிவிடுகிறேன். நீங்கள் செய்த ஏவுகணை ராணுவத்தில் சேர்ந்துவிட்டது. டீவியில் காட்டினார்கள். பச்சை லாரியின் முதுகில் படுத்திருந்தது எழுந்து நின்றது, நெருப்பைக் கக்கிக்கொண்டு போயே போய்விட்டது. தெருப் பிள்ளைகள் கை தட்டினார்கள். உன் அம்மா எழுந்து சமையல்கட்டுக்குள் போய், அடுப்பில் ஒன்றும் இல்லாமலே அங்கே நின்றாள். நேராகத்தான் போயிற்று. உனக்கு யாராவது சொல்ல வேண்டுமே என்று சொல்கிறேன். சந்தோஷத்தில் சொல்லவில்லை.

உன் தாத்தா அடுத்தவர் தோட்டத்தில் பண்ணையாளாக உழைத்தவர். நான் மில்லில் பஞ்சுத் தூசிக்குள் நின்றவன். நம் தெருவில் இஞ்சினியரிங் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள் நீ. கெமிக்கல் படித்தாய். வடக்கே ஏவுகணை செய்கிற ஆய்வுக்கூடத்தில் வேலை கிடைத்தபோது பெரியநாயக்கன்பாளையமே நம் வீட்டுக்கு வந்தது. அதுவரை நம் வாசலில் நின்று பேசிவிட்டுப் போனவர்கள்கூட உள்ளே வந்து உட்கார்ந்து காபி குடித்தார்கள். அன்றைக்கு எனக்கு இருந்த நெஞ்சு நிமிர்வை இப்போது நினைத்தால் கசக்கிறது.

என்ன வேலை என்று நீ சொல்ல மாட்டாய். சொல்லக் கூடாது என்பாய். ஒரு கிறிஸ்துமஸ் லீவில் மட்டும், சாப்பிட்டுக்கொண்டே கொஞ்சம் சொன்னாய். இரண்டு திரவம், தனித்தனித் தொட்டி. ஒன்றோடு ஒன்று சேர்ந்தால் தீக்குச்சியே வேண்டாம், தானாகப் பற்றிக்கொள்ளும். அதில் ஒன்று அமிலம், மூடியைத் திறந்தாலே சிவப்பாகப் புகையும். “சோறு திங்கற எடத்துல அமிலப் பேச்சு எதுக்கு அம்மணி?” என்று அம்மா அதட்டினாள்.

எவ்வளவு தூரம் போகும் என்று கேட்டேன். கோயமுத்தூரில் இருந்து விட்டால் ஈரோட்டைத் தாண்டிப் போகும் என்றாய். நான் சும்மா இருக்காமல் கேட்டேன்: “விழுகற பக்கமும் ஒரு ஈரோடு இருக்குமல்ல கண்ணு?”

நீ தட்டில் இருந்த சோற்றை ஓரமாக ஒதுக்கினாய். பிறகு, “அத யாரும் எங்ககிட்டக் கேக்கறதில்லீங்ப்பா,” என்றாய். அந்தப் பதிலை நீ எங்கே வைத்துக்கொண்டு வேலைக்குத் திரும்பினாய்? நான் ஏன் அதற்குமேல் பேசாமல் ரயிலேற்றிவிட்டேன்?

அடுத்த மழைக்காலத்தில் நீ பெட்டிக்குள் வந்தாய்.

இரண்டு அதிகாரிகள் கூடவே வந்தார்கள். நல்ல மனிதர்கள் மாதிரிதான் இருந்தார்கள். ஒருவர் நம் பக்கத்துத் தமிழர். நுரையீரலில் நீர் கோத்து இறந்துவிட்டாய் என்றார்கள். வேலையில் ஏதாவது நடந்ததா என்று கேட்டேன். அப்படி ஒன்றும் இல்லை என்றார்கள். குழி வெட்டுகிற இடத்துக்கு என்னைக் கூட்டிப் போய்விட்டார்கள் நம் ஆட்கள். அந்த நேரத்தில் அந்தத் தமிழர் உன் அம்மா பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, அவள் கையைப் பிடித்துக்கொண்டு, சின்ன வயதில் பாப்பாவுக்கு மூச்சுத் தொந்தரவு ஏதாவது உண்டா என்று கேட்டிருக்கிறார்.

அவளுக்குப் பொய் சொல்லத் தெரியாது. “மூணாவது படிக்கறப்ப ஒரு மழைக்காலம் பூரா எளைப்பு இருந்துச்சுங்க,” என்று சொல்லியிருக்கிறாள். அவர் தலையை ஆட்டிக்கொண்டாராம். கண்கூடக் கலங்கியிருந்ததாம்.

பிறகு ஆய்வுக்கூடத்தில் இருந்து வந்த தாளில், உனக்கு நெடுநாள் ஆஸ்துமா இருந்தது, தாயாரே உறுதிப்படுத்தினார், இயற்கை மரணம் என்று இருந்தது. ஊரும் அதையே பேசியது. நோயை மறைத்து அவ்வளவு தூரம் அனுப்பினார்கள் என்று நம் சொந்தக்காரர்களே சொன்னார்கள்.

சுஜாதா வந்துதான் எங்களுக்கு உண்மை தெரிந்தது. உன் அறைத்தோழி, கூட வேலை செய்தவள், தெலுங்குப் பெண். நீ கற்றுக்கொடுத்த தமிழிலேயே பேசினாள். “அப்பா, அம்மா” என்றுதான் எங்களைக் கூப்பிட்டாள். இரண்டு படி ஏறுவதற்குள் அவளுக்கு மூச்சு வாங்கியது.

கடற்கரையில் ஏவுகணையைச் சோதித்துப் பார்க்க நாள் குறித்திருந்தார்களாம். டெல்லியில் இருந்து பெரிய மனிதர்கள் பார்க்க வருகிறார்கள், நாள் தள்ளக் கூடாது. அதற்கு முன்னால் தொட்டியில் அமிலம் நிரப்பிப் பார்க்கிற ஒத்திகை. முகமூடிகள் பழையவை, மாற்றித் தாருங்கள் என்று நீங்கள் இருவருமே கேட்டிருந்தீர்கள். அடுத்த ஒத்திகைக்குள் வந்துவிடும் என்றார்களாம். குழாய் இணைப்பில் கசிந்தது. சிவப்புப் புகை கூடத்தை நிறைத்தது. எல்லோரும் வெளியே ஓடினார்கள். நீயும் வெளியே வந்துவிட்டாய். ஆட்களைப் பார்த்தாய், சுஜாதா இல்லை. அவள் உள்ளே வழுக்கி விழுந்து கிடந்தாள். நீ திரும்பப் போனாய்.

“ஸ்டெல்லா என்னை இழுத்துக்கிட்டே திட்டுனா அம்மா,” என்றாள் சுஜாதா. “ஏந்திரிடி, உங்கம்மாவுக்கு நான் என்ன பதில் சொல்றதுன்னு.”

அவளைப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். நீ முகம் கழுவினாய், டீ குடித்தாய், எனக்கு ஒன்றும் இல்லை என்றாய். அந்தப் புகை உள்ளே போனால் முதலில் ஒன்றும் தெரியாதாம். மறுநாள்தான் வேலையைக் காட்டுமாம். அதனால் அதைச் சுவாசித்தவர்கள் எல்லோரையும் படுக்க வைத்துப் பார்த்துக்கொள்ள வேண்டும். அது அங்கே எல்லோருக்கும் தெரிந்த விஷயம். உனக்கு இரண்டு மாத்திரை கொடுத்து ஹாஸ்டலுக்கு அனுப்பினார்கள். மறுநாள் மதியம் உன் உதடு நீலமாகிவிட்டது.

சோதனை குறித்த நாளில் நடந்தது. வெற்றி என்று பேப்பரில் வந்தது.

ஆய்வுக்கூடத்துக்காரர்கள் நடத்திய விசாரணையில் சுஜாதா எல்லாவற்றையும் சொன்னாளாம். வெளியே சொன்னால் எதிரி நாட்டுக்கு உதவுவதாகும் என்றார்களாம். அவள் வேலையை விட்டுவிட்டு நம் வீட்டுக்கு வந்துவிட்டாள்.

உன் அம்மா எல்லாவற்றையும் கேட்டாள். கடைசியில் என்னைப் பார்த்து, “அப்ப, எம் புள்ளைய நோயாளின்னு நாந்தான் எடுத்துக் குடுத்துப்போட்டனாங்க?” என்றாள். இல்லை இல்லை என்றேன். அவள் காதில் அது ஏறவில்லை. அதற்குப் பிறகு யார் என்ன கேட்டாலும் அவள் வாய் திறப்பதில்லை. அவளுக்குக் கால் வீங்கி டாக்டரிடம் போனோம். இதற்கு முன் என்ன நோய் வந்தது என்று அவர் சாதாரணமாகத்தான் கேட்டார். இவள் எழுந்து வெளியே போய்விட்டாள்.

ஏவுகணை ராணுவத்தில் சேர்ந்த செய்தி வந்ததும், ஒர்க்ஷாப் வைத்திருக்கிற பழனிசாமி பள்ளிக்கூடத்தில் பாராட்டு விழா ஏற்பாடு செய்தார். உன் தாத்தா வேலை செய்த தோட்டத்துக்காரர் பேரன்தான். மேடையில் உன் போட்டோவுக்கு ரோஜா மாலை. நோயோடும் நாட்டுக்கு உழைத்த பெண் என்று ஒருவர் பேசினார். பிறகு என்னைப் பேசச் சொன்னார்கள். நான் நடந்ததை நடந்தபடி சொன்னேன். சொன்னவள் பெயரை மட்டும் சொல்லவில்லை. பழைய முகமூடிகளைப் பற்றியும் சொன்னேன்.

பழனிசாமி பக்கத்தில் வந்து மெதுவாக, “அண்ணா, இதெல்லாம் நாட்டு விசயமுங்க. இங்க பேசோணுமாங்க?” என்றார். மரியாதையாகத்தான் சொன்னார். அவர் கை மைக்கை மூடியிருந்தது.

அப்போது உன் அம்மா எழுந்தாள். ஜெபக்கூட்டத்தில்கூட நாலு பேர் முன்னால் பேசாதவள். அவர் கையை எடுத்துவிட்டு மைக்கைப் பிடித்தாள்.

“எம் புள்ளைக்கு நோவு இல்லைங்க. பொகை இருந்துச்சுங்க. இன்னொரு புள்ளையத் தூக்கியார உள்ள போனாளுங்க.”

அவ்வளவுதான். இறங்கி வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தாள். யாரும் கை தட்டவில்லை. தேசிய கீதம் பாடி விழாவை முடித்தார்கள். நாங்களும் எழுந்துதான் நின்றோம்.

போன வாரம் இரண்டு பேர் வீட்டுக்கு வந்தார்கள். புது ஆட்கள். அதே மென்மையான பேச்சு. நான் வெளியே போயிருந்தேன். இதையெல்லாம் உங்களுக்கு யார் சொன்னது என்று உன் அம்மாவிடம் கேட்டிருக்கிறார்கள். உள்ளறையில் சுஜாதா படுத்திருந்தாள். உன் அம்மா அவர்களுக்குத் தண்ணீர் கொடுத்தாளாம். கொடுத்துவிட்டு, “எனக்கொண்ணும் தெரியாதுங்க,” என்றாளாம். பொய் சொல்லக் கற்றுக்கொண்டாள் கண்ணு, இந்த வயதில். கற்றுக்கொடுத்தவர்கள் நன்றாக இருக்கட்டும்.

சுஜாதா இப்போது இங்கேயே ஒரு பாலிடெக்னிக்கில் பாடம் எடுக்கிறாள். இந்தக் கடிதத்தில் தன் பெயரைப் போட்டே எழுதச் சொன்னது அவள்தான். நீ உள்ளே போனதால்தான் அவள் உயிரோடு இருக்கிறாள். எனக்குக் கிடைத்த ஒரே நல்ல செய்தி அது. அதையும் சில நாள் என்னால் முழு மனதோடு கொண்டாட முடிவதில்லை. உன்னிடம் மறைக்க என்ன இருக்கிறது?

உன் சாவுக்கு அவர்கள் எழுதிய காரணத்தை மாற்றச் சொல்லி மனு போட்டுக்கொண்டே இருக்கிறேன். மாறும் என்று உனக்கு வாக்குக் கொடுக்க மாட்டேன். வேறொன்று கொடுக்கிறேன். இனி யார் வந்து, எவ்வளவு அன்பாகக் கேட்டாலும், உன் அம்மாவைத் தனியாகப் பதில் சொல்ல விடமாட்டேன்.

உன்னைப் பெற்ற இருவரில் ஒருவன்,
அப்பா