நான் அழித்த பொதுக் கோப்பு

அன்புள்ள தங்கைக்கு,

உன் முழங்கால் வலி தேவலையா? நான் நலம்.

சென்ற வாரம் ஒரு சிறு தவறு. அலுவலகக் கணினியைச் சுத்தம் செய்கையில், யாரும் திறந்தே பார்க்காத ஒரு கோப்பைக் குப்பையென்று அழித்துவிட்டேன். அதன்பின் எந்த மென்பொருளும் திறக்கவில்லை.

"மேடம், எல்லா புரோகிராமுக்கும் பொதுவா, ஓடறதுக்குத் தேவையான மெமரிய எடுத்துக் கொடுக்கிறதே இந்த ஃபைல்தான். ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே?" என்றார் பழுதுபார்க்க வந்தவர்.

கேட்பது என் வழக்கமில்லை, உனக்குத் தெரியும். அவர் அரைமணியில் சரிசெய்துவிட்டார். ஆனாலும் மேலாளர் என்னை கடித உறை ஒட்டும் மேசைக்கு மாற்றிவிட்டார்.

என் மகனிடம் சொல்லாதே. "போதும்மா, வேலைய விட்டுட்டு வந்துடுங்க" என்பான். வந்தால் அவன் வீட்டு மூலையில்தான் உட்கார வேண்டும்.

உன் வீட்டில் விட்டுவந்த என் கம்பளிக் காலுறையை அனுப்பு. கூடவே நீளமாக ஒரு கடிதம் எழுது. இங்கே என்னிடம் யாரும் அதிகம் பேசுவதில்லை. தபால்காரர் வந்துவிட்டார், நிறுத்துகிறேன்.

அக்கா