ஷாகிதாவை எழுப்பாத காலை

பூந்தமல்லி
ஏப்ரல் 6

அன்புள்ள அக்காவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நலம், நலமறிய ஆவல் என்று ஆரம்பிக்க வேண்டுமாம். நான் நலமாக இல்லை. அத்தா என் போனைப் பிடுங்கி பீரோவில் பூட்டிவிட்டார். நான் செய்த குற்றம் இதுதான்: பள்ளிக்கூட மைக்கில் ஹெச்.எம். குரலில், "கனமழை காரணமாக இன்று மதியம் விடுமுறை" என்று அறிவித்தேன். வெளியே வெயில் மண்டையைப் பிளந்தது. அப்படியும் இரண்டு வகுப்பு வீட்டுக்குப் போய்விட்டது.

அதனால்தான் கடிதம். ஞாயிற்றுக்கிழமை நீ பேசினால் அம்மா ஸ்பீக்கரில் போட்டுவிடுகிறாள். என் ரகசியமெல்லாம் அத்தாவின் மெத்தைக் கடைக்கு வருகிறவர்கள் வரை கேட்கும்.

நீ இருநூறு மீட்டரை இருபத்து மூன்று வினாடியில் ஓடுகிறாய். நான் கணக்கில் இருபத்து மூன்று மார்க். குடும்பப் பெயரைக் காப்பாற்றிவிட்டேன்.

ரம்ஜானுக்கு வந்து மூன்று நாள்தான் இருந்தாய். அதிலும் பாதி தூக்கம். அத்தா உனக்கென்று தைத்த இலவம்பஞ்சு மெத்தையில் இப்போது நான் படுக்கிறேன். நடுவில் உன் அளவுக்கு ஒரு பள்ளம். அதில் நான் சரியாகப் பொருந்தவில்லை. பக்ரீத்துக்கு வந்துவிடுவாய்தானே?

போன் போன சோகத்தில்,
அலீனா

*

பாட்டியாலா
ஏப்ரல் 14

அடி வாலு,

வ அலைக்குமுஸ்ஸலாம். உன் கடிதத்தை முகாம் சாப்பாட்டு மேசையில் படித்துச் சிரித்து, மோர் புரையேறி, பயிற்சியாளரிடம் திட்டு வாங்கினேன்.

ஒன்று கேட்கிறேன். அம்மாவிடம் கேட்காமல் பதில் எழுது. ரம்ஜான் பெருநாளுக்கு மறுநாள் காலை ஆறு மணிக்கு நம் வீட்டுக்கு யாராவது வந்தார்களா?

எங்களைப் போல ஓடுகிறவர்கள், ஒவ்வொரு நாளும் ஒரு மணி நேரம் எந்த முகவரியில் இருப்போம் என்று முன்பே எழுதித் தர வேண்டும். ஊக்கமருந்து சோதிப்பவர்கள் சொல்லாமல் வருவார்கள். அந்த நேரத்தில் ஆள் இல்லையென்றால் அது ஒரு தவறு. ஒரு வருடத்துக்குள் மூன்று தவறு விழுந்தால், மருந்தைக் கண்ணால் பார்க்காதவளாக இருந்தாலும் இரண்டு வருடம் தடை. போன நவம்பரில் ரயில் தாமதமாகி ஒன்று விழுந்தது. இப்போது இரண்டாவதும் விழுந்துவிட்டது என்று எழுதியிருக்கிறார்கள். ஆனால் அன்றைக்கு நான் வீட்டில்தானே தூங்கிக்கொண்டிருந்தேன்? போன் மட்டும் சார்ஜ் இல்லாமல் கிடந்தது.

செப்டம்பரில் ஆசியப் போட்டி. அதற்குத்தான் இத்தனை வருடம் ஓடினேன். சீக்கிரம் எழுது.

ஷாகிதா

*

பூந்தமல்லி
ஏப்ரல் 20

அக்கா,

துப்பறிந்துவிட்டேன். எதிர் வீட்டு கன்னியம்மாள் அக்கா விடிகாலையில் வாசல் தெளிப்பவர். தெருவில் எது நடந்தாலும் அவர் கண்ணில் படாமல் போகாது.

"ஆமா கண்ணு. ஒரு ஆம்பள, ஒரு பொம்பள, தோள்ல பைய மாட்டிகினு வந்தாங்க. உங்கம்மா கேட்டாண்ட வந்து, 'ஷாகிதா ஊட்ல இல்ல, கெளம்பிட்டா'ன்னு சொல்லிச்சு. அதுங்க ஒடனே போவல. பெல்ல அடிக்கறதும் தெருவுல நிக்கறதுமா ஒரு மணி நேரம் இருந்துகினுதான் போச்சுங்க. இன்னாத்துக்குக் கேக்குற?"

"சும்மா, பொது அறிவுக்கு" என்றேன்.

அம்மாவிடம் கேட்காதே என்றாய். நான் கேட்கவில்லை, லேசாகக் கிண்டினேன். வெங்காயம் நறுக்கிக்கொண்டே பெருமையாகச் சொன்னாள்: "யாரோ கார்டை நீட்டுனாங்க. கண்ணாடி போடாம எனக்கு இன்னா தெரியும்? புள்ள எத்தினி மாசம் கழிச்சு அசந்து தூங்குது. எழுப்ப மனசு வரல. இல்லன்னுட்டேன். அப்புறம் பெல்லு சத்தம் கேக்காம இருக்க அவ ரூம் கதவ சாத்தி வெச்சேன்."

அவ்வளவுதான் நடந்தது அக்கா. இதற்கா தடை?

பக்ரீத்துக்குத் தைரியமாக வா. நான் வாசலில் நாற்காலி போட்டுப் படுத்துக்கொள்கிறேன். "சோதிப்பவர்களே, சோதிக்காமல் போகாதீர்கள்" என்று மூன்று மொழியில் பலகையும் எழுதி வைக்கிறேன்.

வாசல் காவலர்,
அலீனா

*

பாட்டியாலா
ஏப்ரல் 29

அலீனா,

"எழுப்ப மனசு வரல" என்ற இடத்தைத் திரும்பத் திரும்பப் படித்தேன். இங்கே ஐந்து மணிக்கு விசில் ஊதுவார்கள். காலில் வலி இருந்தாலும் காய்ச்சல் இருந்தாலும் விசில். தூங்கட்டும் என்று நினைக்க உலகத்தில் ஒருத்திதான் இருக்கிறாள். அவள் மேல் எப்படிக் கோபப்படுவேன்?

நான் வீட்டில்தான் இருந்தேன் என்று எழுதிப் பயனில்லை. வீட்டாரிடம் சொல்லி வைத்திருக்க வேண்டியது உன் பொறுப்பு என்பார்கள். உண்மைதான். சோதனை என்று சொன்னால் என் மேல் ஏதோ சந்தேகம் என்று அம்மா பயப்படுவாள் என்று நினைத்து, யாரிடமும் சொல்லவில்லை.

இனி போட்டி முடியும்வரை என் முகவரி விடுதி மட்டும்தான். பக்ரீத்துக்கு வர மாட்டேன். அம்மாவுக்குக் காரணம் தெரிய வேண்டாம். தெரிந்தால் தன்னையே தின்றுவிடுவாள். லீவு இல்லை என்று மட்டும் சொல்.

போனில் பேசும்போது பின்னால் நம் வீட்டுக் குக்கர் விசில் கேட்டால் சட்டென்று வைத்துவிடுகிறேனே, சிக்னல் போனதால் இல்லை. சொல்லிவிடாதே.

ஷாகிதா

*

பூந்தமல்லி
மே 8

அக்கா,

லீவு இல்லை என்று சொன்னேன். நம்பினாள். இரண்டே நாளில், உன்னோடு முகாமில் இருக்கும் ஆவடி எழிலரசி லீவில் வந்து, பூந்தமல்லி மார்க்கெட்டில் அம்மாவைப் பார்த்து, "எப்படி இருக்கீங்க ஆன்ட்டி?" என்று கட்டிப்பிடித்துவிட்டாள். அம்மா காய் வாங்காமல் வெறும் பையோடு திரும்பி வந்தாள்.

"அந்தப் பொண்ணுக்கு மட்டும் லீவு கெடைக்குமா? பெரிய ஆளாயிட்டா. நம்ம ஊடு புடிக்கல போல" என்றாள். அத்தா, "வேல இருக்கும்மா அவளுக்கு" என்றார். "எனக்கும் வேல கீது" என்று உள்ளே போய்விட்டாள். உள்ளே ஒரு வேலையும் இல்லை. சும்மா நின்றுகொண்டிருந்தாள்.

எனக்கு வாயை மூடிக்கொண்டிருப்பதுதான் ஆசியப் போட்டி. தினமும் இறுதிச் சுற்று. நேற்று கணக்கு டியூஷனில் ஒரு சேட்டைகூடச் செய்யவில்லை. எனக்கு உடம்பு சரியில்லையோ என்று டீச்சர் நெற்றியைத் தொட்டுப் பார்த்தார்.

நீ இல்லாத வீடு நீ இருக்கும்போது இருந்ததைவிடச் சின்னதாக இருக்கிறது. எப்படி என்று தெரியவில்லை. கணக்கில் நான் வீக்.

அலீனா

*

பாட்டியாலா
மே 15

அலீனா,

வருகிறேன். பக்ரீத்துக்கு முதல் நாள் இறங்குகிறேன். இரண்டு நாளைக்கு நம் வீட்டு முகவரியை எழுதிவிட்டேன். பயிற்சியாளர் தலையில் கை வைத்து உட்கார்ந்தார்.

போன ஞாயிறு, "அம்மா குளிக்கிறா" என்றார் அத்தா. பக்கத்திலேயே அம்மா இருமுவது கேட்டது. அதன் பிறகு நான் ஓடிய ஓட்டத்தைப் பார்த்து, காலில் கல் கட்டியிருக்கிறாயா என்று கேட்டார்கள்.

வாசலை நீ பார்த்துக்கொள்.

ஷாகிதா

*

பூந்தமல்லி
மே 20

அக்கா,

உன் கடிதம் வந்ததும் மெத்தை மேல் குதித்தேன். குதித்துக்கொண்டிருக்கும்போதே பக்ரீத் காலை எப்படி இருக்கும் என்று யோசனை வந்துவிட்டது. கறி பங்கு வாங்க வருகிறவர்கள், பெரியம்மா வீட்டுக் கூட்டம், உன்னோடு போட்டோ எடுக்க தெருவே. அத்தனை பேருக்கு நடுவில் பையோடு இரண்டு பேர் வந்து நின்றால், பங்கு கொடுத்து அனுப்பிவிடுவார்கள். நான் ஒருத்தி எத்தனை பேரைப் பார்ப்பேன்?

அதனால் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். மன்னித்துவிடு.

ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள். "அன்னிக்கு நான் எழுப்பியிருந்தா?"

"இந்தத் தப்பு விழுந்திருக்காது" என்றேன். பொய் சொல்ல எனக்கா தெரியாது? வரவில்லை.

மறுநாள் விடியும் முன் தண்ணீர் கேன் போடும் வேம்புலி அண்ணன் பெல் அடித்தார். அம்மா முக்காடுகூடச் சரியாகப் போடாமல் ஓடிப்போய்க் கதவைத் திறந்து, "இருக்கா, உள்ளதான் இருக்கா, எழுப்புறேன்" என்றாள். அண்ணன் கேனைத் தோளில் வைத்தபடி முழித்தார். பிறகுதான் அவளுக்கு நினைவு வந்தது. படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். நான் பக்கத்தில் உட்கார்ந்தேன். எனக்கு ஒரு ஜோக்கும் வரவில்லை.

சாயங்காலம் அவளாகவே சொன்னாள்: "வர வேணாம்னு எழுது. ஓடி முடிச்சிட்டு வரட்டும். அப்ப வந்து எத்தினி நாள் வேணா தூங்கட்டும்."

வராதே அக்கா. முகவரியை மாற்றிவிடு. ஞாயிற்றுக்கிழமை அம்மா பேசுவாள். குக்கரை அணைத்துவிட்டுப் பேசச் சொல்கிறேன்.

அத்தா, "நீயே கூப்பிட்டுச் சொல்லும்மா" என்று பீரோவைத் திறந்து என் போனை நீட்டினார். வேண்டாம் என்றேன். உன் குரலைக் கேட்டால், வா என்று சொல்லிவிடுவேன்.

உன்
அலீனா