தவணை ஏறவில்லை

மார்ச் 4, செவ்வாய்

காலையில் எலும்பு டாக்டரிடம் போனேன். முழங்கால் படத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்துவிட்டு, "நின்னுக்கிட்டே செய்யற வேலையாம்மா?" என்றார். ஆமாம் என்றேன். ஆஸ்பத்திரியில் கருவிகளைச் சுத்தம் செய்யும் பிரிவு. ஆபரேஷனுக்குப் பயன்பட்ட கத்தரி, இடுக்கி எல்லாம் கழுவி, எண்ணி, துணியில் கட்டி, நீராவிப் பெட்டியில் ஏற்றி இறக்க வேண்டும். பத்தொன்பது வருஷமாக நின்றுகொண்டேதான். "உக்காந்து செய்யற வேலையா பாத்துக்குங்க. இல்லன்னா அம்பத்தஞ்சுல கம்பு ஊனித்தான் நடப்பீங்க" என்றார். எனக்கு இப்போது நாற்பத்தொன்பது. பஸ் எத்தனை மணிக்கு என்று சொல்வதுபோல் சொன்னார்.

மருத்துவப் பதிவறையில் ஓர் இடம் காலியாகிறது என்று எங்கள் மேற்பார்வையாளர் அம்மா போன வாரமே காதில் போட்டிருந்தார். மேசை, நாற்காலி, கம்ப்யூட்டர். ஷிப்டுக்காக மாதாமாதம் தரும் படி நாலாயிரத்து இருநூறு மட்டும் போய்விடும். இருபத்தோராம் தேதிக்குள் மனு கொடுக்க வேண்டும்.

போனால் போகட்டும். வீட்டுக் கடன் தவணை மாதம் இருபத்தாறாயிரத்து முப்பத்தைந்து. ஒன்பது வருஷமாக அதே தொகை, இன்னும் பதினொரு வருஷம். நான் ஓய்வு பெறும் சமயத்தில் அதுவும் முடிந்துவிடும். கொஞ்சம் இழுத்துப் பிடித்தால் சமாளிக்கலாம் என்றுதான் தோன்றுகிறது. எதற்கும் வங்கியில் பாக்கியை எழுதி வாங்கி வர வேண்டும்.

மார்ச் 5, புதன்

இன்றைக்கு நாற்பத்தோரு கருவி மூட்டை. கால் வீங்கியிருக்கிறது. எழுத வேறொன்றும் இல்லை.

மார்ச் 7, வெள்ளி

எங்கே ஆரம்பிப்பது.

வங்கிக் கடன் பிரிவில் இருந்த பெண்ணுக்கு என் மகளைவிட நாலைந்து வயது கூட இருக்கலாம். எண்ணைத் தட்டிப் பார்த்துவிட்டு, "இன்னும் நூத்தித் தொண்ணூத்தஞ்சு மாசம் இருக்கு மேடம்" என்றாள். நான் சிரித்தேன். "இல்லம்மா, நூத்தி முப்பத்திரண்டு. வேற யாரோட கணக்கையோ பாக்கறீங்க" என்றேன். அவள் திரையை என் பக்கம் திருப்பினாள். என் பெயர், இவர் பெயர், எங்கள் வீட்டு விலாசம்.

"ஆறு வருஷத்துக்கு முன்னாடி வட்டி ஏறிச்சு மேடம். உங்க தவணைய ஏத்தல, காலத்த நீட்டியிருக்கோம். லெட்டர் வந்திருக்குமே?"

கட்டியது இருபத்தெட்டு லட்சத்துப் பதினோராயிரம். வாங்கிய கடன் முப்பது. பாக்கி இருபத்தைந்து லட்சத்து இருபத்தோராயிரம். இரண்டு தடவை வாசித்தேன். ஒன்பது வருஷம் வாயைக் கட்டி வயிற்றைக் கட்டிக் கட்டியதில் ஐந்து லட்சம்கூடக் குறையவில்லை.

நூற்றுத் தொண்ணூற்றைந்து மாதம் என்றால் எனக்கு அறுபத்தைந்து முடிந்திருக்கும். சம்பளம் அறுபதில் நின்றுவிடும். அப்புறம் அஞ்சேகால் வருஷம் யார் கட்டறது? இந்தக் காலை வெச்சுக்கிட்டு எங்க போய் நிக்கறது?

மார்ச் 8, சனி

இவரிடம் சொன்னேன். பள்ளிக்கூட அலுவலகத்தில் கோப்பு பார்க்கும் மனுஷன், வீட்டிலும் அப்படித்தான். வங்கியிலிருந்து என்ன காகிதம் வந்தாலும் இரண்டு துளை போட்டு, தேதிவாரியாகக் கட்டி, அட்டையில் தலைப்பு எழுதி வைப்பார். எடுத்து வந்து மேசையில் வைத்தார். அந்தக் கடிதமும் இருந்தது. ஒரு மூலைகூட மடங்காமல்.

முதல் வரி தடித்த எழுத்தில்: தங்கள் மாதத் தவணையில் மாற்றம் இல்லை. அதற்குக் கீழே ஒரு பத்தி, எறும்பு எழுத்தில். வட்டி எட்டரையிலிருந்து ஒன்பது புள்ளி ஒன்பது. தவணையை உயர்த்த விரும்பினால் கீழுள்ள சீட்டில் குறியிட்டு முப்பது நாளுக்குள் அனுப்பவும். அனுப்பாவிட்டால் கடன் காலம் நீட்டிக்கப்படும். கீழே சீட்டு இல்லை. புள்ளிக்கோட்டோடு நேராகக் கிழிக்கப்பட்டிருந்தது.

"இதைப் படிச்சீங்களா?"

"முதல் வரி படிச்சேன். தவணை ஏறலன்னு போட்டிருந்தது."

"சீட்டு எங்க?"

கடிதத்தின் ஓரத்தை விரலால் நீவினார். "அனுப்பினீங்களா, இல்லையா?" "அனுப்பல." "அப்ப எதுக்குக் கிழிச்சீங்க?" கோப்பை மூடினார். எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. ஓட்டை போடத் தெரிந்த மனுஷனுக்குப் படிக்கத் தெரியாதா என்று கேட்டுவிட்டேன். இன்னும் என்னென்னவோ கேட்டேன். ஒரு நாள்கூடத் தாமதமாகக் கட்டியதில்லை என்று ஊரெல்லாம் சொல்லிக்கொள்வாரே, அதையும் சொல்லிக் காட்டினேன். கோப்பை எடுத்து அலமாரியில் பழைய இடத்திலேயே வைத்துவிட்டுக் குளிக்கப் போனார்.

மார்ச் 9, ஞாயிறு

பேச்சு வார்த்தை இல்லை. துவைத்த துணியை அவரே மடித்து வைத்திருக்கிறார். மடித்தால் ஆயிற்றா?

மார்ச் 11, செவ்வாய்

வங்கிப் பெண் கணக்கு முழுவதையும் அச்செடுத்துக் கொடுத்திருந்தாள். மதிய இடைவேளையில் துணி மூட்டைமேல் உட்கார்ந்து பார்த்தேன்.

கட்டிய முதல் தவணையில் வட்டிக்குப் போனது இருபத்தோராயிரத்து இருநூற்றைம்பது. அசலுக்கு 4,785. சரி, ஆரம்பத்தில் அப்படித்தான் இருக்கும், போகப் போக அசல் கரையும் என்றுதான் நினைப்போம். மூன்று வருஷம் கழித்து, வட்டி ஏறிய மாதம், அசலுக்குப் போனது 2,897. மூன்று வருஷம் கட்டிய பிறகு முதல் மாதத்தைவிடக் குறைவு! அந்த வரியை விரலால் தேய்த்துப் பார்த்தேன், ஏதோ அழுக்கு ஒட்டியிருப்பதுபோல.

மொத்தம் பெருக்கினேன். முன்னூற்று மூன்று மாதம். எழுபத்தெட்டு லட்சத்து எண்பத்தெட்டாயிரம். வட்டி ஏறாமல் இருந்திருந்தாலே அறுபத்திரண்டரை ஆகியிருக்கும். அதைக்கூட இத்தனை நாள் நான் பெருக்கிப் பார்க்கவில்லை. யார் கேட்டாலும் "முப்பது லட்சம் லோன்" என்றுதான் சொல்லியிருக்கிறேன். இந்த வீட்டின் விலை எனக்கு இன்றைக்குத்தான் தெரியும். தினம் ஆயிரம் கருவியை எண்ணி, ஒரு ஊசி குறைந்தாலும் பெட்டியைத் திருப்பி அனுப்புகிறவள் நான்.

அந்தப் பெண் இன்னொன்றும் சொன்னாள். அன்றைக்கே மாதம் இரண்டாயிரத்து நானூற்று முப்பது கூட்டிக் கட்டியிருந்தால் இருபது வருஷத்திலேயே முடிந்திருக்குமாம். அப்போது இருவருக்கும் சம்பளம் ஏறியிருந்தது. கட்டியிருக்கலாம். கையைக் கடித்திருக்காது.

மார்ச் 13, வியாழன்

ஆறு வருஷத்துக்கு முந்தைய நாட்குறிப்பைத் தேடி எடுத்தேன். இவர் அன்றைக்கு என்ன சொன்னார் என்று பார்த்து, அதையும் வைத்து ஒரு பிடி பிடிக்கலாம் என்றுதான் எடுத்தேன்.

என் கையெழுத்து: "வங்கிக் கடிதம் வந்தது. எல்லோருக்கும் வட்டி ஏறியிருக்கிறதாம், நமக்குத் தவணை ஏறவில்லை. நம்ம வங்கி நல்ல வங்கி. பெரிய நிம்மதி. சாயங்காலம் மூவரும் வெளியே போய்ச் சாப்பிட்டோம்."

அந்தப் பக்கத்திலேயே ஒரு துண்டுக் காகிதம். ஒரு பக்கம் துவைக்கும் சோப்பு, பல்பு, மகளுக்குக் கோடு போட்ட நோட்டு இரண்டு என்று என் கையால் எழுதிய பட்டியல். திருப்பினால் இரண்டு கட்டங்கள். தவணையை உயர்த்தவும். காலத்தை நீட்டவும். இரண்டிலும் குறி இல்லை.

நான்தான் கிழித்திருக்கிறேன். இவர் காகிதத்தை வீணாக்க விடமாட்டார் என்று, கடைக்குப் போகும் அவசரத்தில், வெற்றுப் பக்கம் கண்ணில் பட்டதும் கிழித்திருக்கிறேன்.

வெட்கமாக இருக்கிறது. வேறு என்ன எழுதுவது.

மார்ச் 14, வெள்ளி

சீட்டை அவர் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன். பார்த்தார். ஆச்சரியப்படவில்லை.

"தெரியுமா உங்களுக்கு?"

"நீ கிழிக்கும்போது பக்கத்துலதான நின்னேன். கிழிக்கலாமான்னு கேட்டே. அது ஒண்ணுமில்ல, கிழிச்சுக்கன்னு நான்தான் சொன்னேன்."

"அன்னிக்கு அவ்வளவு பேசினேனே, ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?"

"சொன்னா மட்டும் காலம் குறைஞ்சிடுமா?"

எனக்கு அழுகை வந்துவிட்டது. அவர் சாப்பிட்டு முடித்துவிட்டு, சீட்டை எடுத்து, இரண்டு துளை போட்டு, கோப்பில் அந்தக் கடிதத்துக்குப் பின்னால் வைத்தார். இந்த மனுஷனை என்ன சொல்வது! அழுகையோடு சிரிப்பும் வந்தது.

மார்ச் 17, திங்கள்

இரண்டு பேரும் அரை நாள் விடுப்பு போட்டு வங்கிக்குப் போனோம். இவர் கேள்விகளை வரிசை எண் போட்டு எழுதிக்கொண்டு வந்திருந்தார். மூன்றாவது கேள்வி: புதிதாகக் கடன் வாங்குகிறவர்களுக்கு என்ன வட்டி?

"எட்டு புள்ளி ஆறு சார்."

"எங்களுக்கு ஒன்பது புள்ளி ஒன்பது. பழைய ஆளுங்கன்னா தண்டனையா?"

அந்தப் பெண் சிரிக்கவில்லை, பாவம். "கேட்டா மாத்திக் குடுப்போம் சார். மாத்தறதுக்கு ஒரு கட்டணம் உண்டு, பன்னண்டாயிரத்துக்குள்ள வரும்."

கேட்டால் கொடுப்பார்களாம். ஆறு வருஷமாக ஒழுங்காக, வாயைத் திறக்காமல் கட்டியதற்கு இதுதான் மரியாதை.

வட்டியை மாற்றி, தவணையையும் முப்பதாயிரமாக்கினால் நூற்றிருபத்தொன்பது மாதத்தில் முடிந்துவிடும். எனக்கு அறுபதுக்குள். அதாவது மாதம் நாலாயிரம் கூட வேண்டும். பதிவறைக்குப் போனால் நாலாயிரம் குறையும். ஒன்று கடன் முடியும், இல்லை நான் உட்காரலாம். இரண்டும் சேர்ந்து நடக்காது.

மார்ச் 18, செவ்வாய்

மனு எழுதினேன். பைக்குள்ளேயே இருக்கிறது.

மார்ச் 20, வியாழன்

சாயங்காலம் வந்தபோது இவர் மகளின் அறையில் அளவு நாடாவோடு நின்றுகொண்டிருந்தார். என்ன என்றேன். "குழந்தைங்க வார்டு நர்ஸ் ஒருத்தங்க ரூம் தேடறாங்கன்னு சொன்னியே. ஏழாயிரத்து ஐநூறு தருவாங்களா?"

மகள் காலேஜ் ஹாஸ்டலில் இருக்கிறாள், வருஷத்துக்கு இரண்டு தடவை வருகிறாள், எல்லாம் சரிதான். ஆனால் இந்த வீட்டை வாங்கியதே அந்த அறைக்காகத்தானே? வாடகை வீட்டில் ஒற்றை அறையில் மூன்று பேரும் படுத்திருந்தோம். பத்து வயசுப் பெண்ணுக்குக் கதவு வைத்த ஒரு அறை வேண்டும் என்றுதானே இருபது வருஷத்துக்குத் தலையைக் கொடுத்தோம்?

"அவ ரூமைப் போய்..." என்று ஆரம்பித்தேன்.

"உன் காலுக்கு வேற வழி இருந்தா சொல்லு. நான் நாடாவைச் சுருட்டிடறேன்."

யோசித்தேன். இல்லை. மகளுக்குப் போன் செய்தேன். ஒரு நொடிகூட இழுக்காமல், "குடுத்திடும்மா, நான் எங்க அங்க இருக்கேன்" என்றாள். கொஞ்சம் இழுத்திருக்கலாம். கொஞ்சம் சண்டை போட்டிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

மார்ச் 21, வெள்ளி

மனு கொடுத்தாயிற்று. கடைசி நாள், கடைசி ஆள்.

ஏப்ரல் 1, செவ்வாய்

நர்ஸ் வந்துவிட்டாள். இரண்டு பெட்டி, ஒரு மின்விசிறி. அமைதியான பெண். மகளின் புத்தகங்களை அலமாரியின் மேல் தட்டில் அடுக்கிவிட்டு, கீழ்த் தட்டுகளைக் காலி செய்து கொடுத்தேன்.

மே 5, திங்கள்

பதிவறையில் முதல் நாள். மத்தியானம் வரை நாற்காலியை விட்டு எழுந்திருக்கவே இல்லை. யாராவது வந்து திட்டுவார்களோ என்று அவ்வப்போது வாசலைப் பார்த்துக்கொண்டேன்.

வட்டியை மாற்றிய பிறகு முதல் தவணை முப்பதாயிரம் போயிற்று. அதில் அசலுக்குப் பன்னிரண்டாயிரம். இவர் அந்த எண்ணை உரக்கப் படித்தார், கடைசி வரிவரை படித்துவிட்டுத்தான் துளை போட்டார்.

ஜூன் 14, சனி

மகள் லீவுக்கு வந்திருக்கிறாள். கூடத்தில் ஜன்னல் ஓரமாக அவளுக்கு மெத்தை போட்டிருக்கிறேன். நல்ல காத்து வருதும்மா என்கிறாள்.

காலையில் சமையலறையில் இருந்தேன். ஏதோ புத்தகம் வேண்டுமென்று அறைப் பக்கம் போனாள். கைப்பிடியில் கை வைத்தவள், எடுத்துவிட்டு, விரல் மடக்கி மெல்லத் தட்டினாள். "அக்கா, வரலாமா?" பதில் இல்லை. நர்ஸ் டூட்டி முடிந்து வந்து தூங்கிக்கொண்டிருந்தாள். மகள் கொஞ்ச நேரம் அந்தக் கதவைப் பார்த்தபடி நின்றுவிட்டுத் திரும்பி வந்தாள். "தூங்கறாங்க போல. அப்புறம் எடுத்துக்கறேன்" என்றாள்.

சும்மா இருக்க முடியாமல், கடன் முடிந்ததும் அறை உனக்குத்தான் என்றேன்.

"எப்பம்மா முடியும்?"

"இன்னும் பத்தரை வருஷம்."

விரல் விட்டு எண்ணினாள். "அப்ப எனக்கு முப்பது ஆகப் போகும்மா. அப்ப எனக்கு எதுக்கு இங்க ரூம்?"

சிரித்துக்கொண்டுதான் கேட்டாள். நானும் சிரித்தேன். அவள் அப்பா செய்தித்தாளை மடித்து வைத்துவிட்டு, எல்லோரும் சாப்பிடலாமா என்றார். நான் தட்டு எடுக்கப் போனேன்.