கேக்கில் ஏறிப் போன மீனவர்கள்

அன்பு மகள் நடீனுக்கு,

இஸ்தான்புல்லில் நீ சுகமாக இருக்கிறாய் என்று நம்புகிறேன். இங்கே ஒஹாயோவில் உடம்புக்கு ஒன்றும் வரவில்லை, மானம்தான் போயிற்று, அதில் பாதிப் பழி உன்னுடையது.

நம் மாவட்டத்து ஸ்பெல்லிங் போட்டியில் பத்து வருஷமாகச் சொற்களை வாசிப்பவள் நான்தானே. போன சனிக்கிழமை கடைசிச் சுற்றில் ஐவி ஸ்ட்ரவுட் நிற்கிறாள், பன்னிரண்டு வயசு, இரண்டு வருஷமாக அகராதியோடு படுத்து எழுந்தவள், இந்த ஒரு சொல்லை எழுத்துக்கூட்டிச் சொல்லிவிட்டால் மாநிலப் போட்டிக்குப் போகலாம். அட்டையை எடுத்தால், நீ கடிதத்துக்குக் கடிதம் எழுதுவாயே, அந்த ஒடுக்கமான துடுப்புப் படகு, சி-ஏ-ஐ-க்யூ-யூ-ஈ! எனக்கு ஒரே பெருமை. உச்சரிப்பு அட்டையிலேயே இருக்கிறது, ஆனால் என் மகள் இருக்கிற ஊர்ச் சொல்லை எனக்கு எவன் சொல்லித்தர வேண்டும் என்று அதைக் கட்டைவிரலால் மூடிக்கொண்டு, கணீரென்று ‘கேக்’ என்றேன். பிள்ளை முழித்தாள். இன்னொரு தடவை சொல்லுங்க மேடம் என்றாள், கேக் என்றேன். அர்த்தம் கேட்டாள், படகு என்றேன். படகா மேடம், நிஜமாவா என்றாள். படகுதாம்மா என்றேன். வாக்கியத்தில் வைத்துச் சொல்லச் சொன்னாள், விடியற்காலையில் மீனவர்கள் கேக்கில் ஏறிக் கிளம்பினார்கள் என்றேன். கூடமே சிரித்தது, நான் அவர்களை முறைத்தேன் வேறு! சி-ஏ-கே-ஈ என்று அழாத குறையாகச் சொன்னாள், நடுவர் மணியடித்துவிட்டார்.

அப்புறம் விரலை எடுத்துப் பார்க்கிறேன், கா-ஈக் என்று போட்டிருக்கிறது. உன்னிடம் மறைப்பானேன், அட்டையைக் கைப்பைக்குள் தள்ளிவிடலாமா என்றுதான் முதலில் தோன்றியது. மேடை ஓரத்தில் ஐவி ஷூ லேஸை அவிழ்ப்பதும் கட்டுவதுமாக இருந்தாள், முகத்தைத் தூக்கவேயில்லை. அடுத்த பிள்ளை மைக்குக்கு வருவதற்குள் நான் போய் அதைப் பிடித்துக்கொண்டு, அச்சடித்திருந்ததைப் படிக்காமல் என் இஷ்டத்துக்கு வாசித்தேன், தப்பு என்னுடையது என்று சொல்லிவிட்டேன். நடுவர் அவளுக்கு வேறு சொல் கொடுத்தார், வேறு ஆளை விட்டு வாசிக்கச் சொன்னார். டார்மிகன், பனிக்காலத்தில் வெள்ளையாகிவிடுகிற ஒரு பறவை. ஸ்பெல்லிங்கில் முன்னால் சத்தமே போடாத ஒரு பி உண்டு, அதிலிருந்தே ஆரம்பித்தாள் பார், எனக்குப் புல்லரித்தது. கோப்பை அவளுக்குத்தான்.

வாசிக்கிற வேலை அடுத்த வருஷம் எனக்கில்லை. உன் அப்பா வேறு, டோரிஸ், என் பொறந்தநாளைக்குத் துடுப்பு வெச்ச கேக்கா பாத்து வாங்கு என்று தினமும் உயிரை எடுக்கிறார். எல்லாம் உன்னால். நாலு வருஷத்தில் ஒரு தடவையாவது போனில் அந்தப் பாழாய்ப்போன சொல்லை வாய்விட்டுச் சொல்லியிருக்கக் கூடாதா?

கடவுள் உன்னை நன்றாக வைக்கட்டும். நேரத்துக்குச் சாப்பிடு. இனி புதுச் சொல் எதுவானாலும் எழுதாதே, கூப்பிட்டுச் சொல், வியாழக்கிழமை மட்டும் வேண்டாம். அன்றைக்கு ஐவி வருகிறாள். மாநிலப் போட்டிக்கு நான்தான் வாசித்துப் பழக்க வேண்டுமாம். என்னையா என்றேன். சரியா வாசிக்க அம்மா இருக்காங்க மேடம், தப்பா வாசிச்சாலும் கண்டுபிடிக்கப் பழகணும்ல, அதுக்கு உங்கள விட்டா யாரு என்கிறாள்.

அன்புடன்,
அம்மா டோரிஸ்