ஈசானி மூலையில் நின்ற கல்

ஆடி 9, வியாழன்

வெயில். திண்டிவனத்தையே யாரோ வாணலியில் போட்டு வறுக்கிறார்கள்.

அக்கா மகள் கவிதாவின் புது வீடு லிண்டல் மட்டத்தில் நிற்கிறது. நிறுத்திவிட்டார்கள் என்பதே சரி. சுவரில் நோட்டீஸ். வாய்க்கால் புறம்போக்கில் கட்டுவதாக யாரோ புகார். அளந்து உண்மையென்றால் பிளான் அப்ரூவல் ரத்து, சுவர் இடிப்பு.

வாய்க்காலாம்! தூர்ந்து ஏழு யுகம் ஆகிறது. அதில் கடைசியாகக் கால் நனைத்தவர் அகத்தியர்.

உளவுத்துறை (நான், என் மொபெட்) களத்தில். சந்தேகப் பட்டியல்:
1. சிமெண்ட் கடைக்காரர். கவிதா வேறு கடையில் வாங்கினாள்.
2. தெற்குக் கொல்லைக்காரர் ஏழுமலை. இனி எ.ம.
3. மேஸ்திரி. காரணம் இல்லை. முகம்.

கொறிக்க வறுத்த மல்லாட்டை வாங்க வேண்டும்.

ஆடி 10, வெள்ளி

சர்வேயர் அம்மா வந்தார். மற்ற எல்லைக் கற்களெல்லாம் பிளாட் போட்டபோதே காலி. “இருக்கிற ஒரு கல்லு எங்க?” என்றார். கூப்பிடாமலே எ.ம. ஆஜர்.

“அதோ மேடம், ஈசானி மூலையில நிக்குது பாருங்க.”

கல்லுக்கு மஞ்சள், பூ. ஆடி வெள்ளியில் இந்த ஊரில் எது அசையாமல் நின்றாலும் பூ வைப்பார்கள். அதிலிருந்து டேப்பை இழுத்தார். வரைபடத்து வாய்க்கால் நேரே ஹாலில் புகுந்து, சமையலறை வழியாக வெளியேறியது.

கவிதா ஹாலில் நின்று புடவையைச் சற்றுத் தூக்கிக்கொண்டாள், தண்ணீர் வந்துவிட்ட மாதிரி. ஏழு மாதம் அவளுக்கு.

“இங்கதான் மாமா தூளி கட்டணும்னு இருந்தேன்.”

என் மல்லாட்டைப் பொட்டலத்தை முழுதாக அவளிடம் கொடுத்தேன். சரித்திரத்தில் முதல் முறை.

ஆடி 13, திங்கள்

விழுப்புரம் ஆபீஸ். மறு அளவுக்கு மனு. வரும் வெள்ளி அளப்பார்களாம்.

பஸ் ஸ்டாண்டில் எ.ம. டீ வாங்கிக் கொடுத்தார். எனக்கு டீ வாங்கிக் கொடுத்த எவரும் நல்லெண்ணத்தோடு வாங்கியதில்லை.

“இன்னா பண்றதுங்க, கல்லு சொல்லுது. அத மட்டும் யாரும் நோண்டாம பாத்துக்கங்க.”

வீடு போகிறதே என்று ஒரு வார்த்தை இல்லை. கல் மேல் என்ன கரிசனம்?

ஆடி 14, செவ்வாய்

அக்காவிடம் கேட்டேன், அந்தக் கல் எப்போதிலிருந்து அங்கே?

“சித்திரையில வூட்டுக்குக் கடக்கா தோண்டுனப்போ தெக்கு வேலியாண்ட முள்ளுக்குள்ள நின்னுக்கினு இருந்துதுடா. மேல சூலம் போட்டிருந்துது. ஆத்தா முள்ளுல நிக்கலாமா? மேஸ்திரிய வுட்டுத் தூக்கியாந்து ஈசானி மூலையில நட்டேன்.”

சூலம்! சர்வேக்காரர்கள் வெட்டிய அம்புக்குறி அது. என் உடன்பிறப்பு அரசாங்க எல்லையையே தூக்கி வந்து கும்பிட்டிருக்கிறாள்.

கல் தெற்கு வேலியில் நின்றால்? நானே காலால் அளந்தேன். வாய்க்கால் எ.ம.வின் டிராக்டர் கொட்டகைக்குள் போய்ப் படுக்கிறது. அடேயப்பா.

சர்வேயர் அம்மாவுக்குப் போன்.

“நீங்க தொடக்கூடாது சார், கேஸாயிடும். வெள்ளிக்கிழமை பழைய குழியக் காட்டுங்க. நானே பாத்து நடறேன்.”

குழியை அக்காவோடு போய்ப் பார்த்தேன். பத்திரமாக இருக்கிறது. வேலிக்கு அப்பாலிருந்து எ.ம. எட்டிப் பார்த்தார். மேஸ்திரியிடம் மனதுக்குள் மன்னிப்பு.

ஆடி 17, வெள்ளி

மேகமூட்டம். மைக் செட் சத்தம் மயிலம் வரை கேட்டிருக்கும்.

கல்லுக்குப் பட்டுப் பாவாடை. எலுமிச்சை மாலை. சுற்றிலும் ஈரம் காயாத சிமெண்ட் மேடை. அரை மாவட்டமே வரிசையில். ஈர வேட்டியோடு கேப்பைக் கூழ் ஊற்றுகிறவர், வேறு யார், எ.ம.

“வாங்க வாங்க! ஆத்தா கனவுல வந்துச்சுங்க. இந்த எடத்த வுட்டு நகர மாட்டேன்னுட்டுது.”

அக்கா கண்ணில் நீர். “பாத்தியாடா, இந்த மனுசனப் போயி சந்தேகப்பட்டியே.”

சர்வேயர் அம்மா செருப்பைக் கழற்றிவிட்டு ஓரமாக உட்கார்ந்திருந்தார். டேப் பைக்குள். கையில் கூழ்ச் சொம்பு. “சாமியாக்கிட்டாங்களே சார், எப்படிக் கை வைக்கிறது?”

எ.ம. எனக்கும் ஒரு சொம்பு நீட்டினார். வாங்கவில்லை.

தெற்கு வேலியிலிருந்து கவிதாவின் குரல்.

“மாமா, இங்க குழி இருந்துதுன்னீங்களே. தென்னங்கன்னு நிக்குது. மண்ணு இன்னும் ஈரமா இருக்கு.”

எ.ம.வின் கரண்டி அண்டாவுக்குள் நழுவியது.

சர்வேயர் அம்மா சொம்பைக் கீழே வைத்துவிட்டு எழுந்தார்.